லாச்சி முயல் சொன்னது

எனக்கு ஏழு வயதாக இருந்தபோது ஒரு முயல் என் மானத்தை வாங்கியது. துணியில் தைத்து, உள்ளே கையை விட்டு ஆட்டுகிற பொம்மை முயல்தான். ஆனாலும் அது செய்த வேலையை வேறு எந்தப் பிராணியும் எனக்குச் செய்ததில்லை.

எண்பதுகளின் தொடக்கம். நாங்கள் மலேசியாவின் பினாங்குத் தீவில், சுங்கை பினாங்கில் ஓர் அடுக்குமாடி வீட்டில் இருந்தோம். பிற்பகலில், இன்னும் பள்ளிக்கூடம் போகாத குழந்தைகளுக்காகத் தொலைக்காட்சியில் ஓர் ஆங்கில நிகழ்ச்சி வரும். எந்த நாட்டிலோ எடுத்தது. பூப்போட்ட சட்டை போட்ட ஓர் அம்மாள் அலமாரியின் லாச்சியை இழுப்பார். உள்ளேயிருந்து முயல் கொட்டாவி விட்டுக்கொண்டு எழும். எங்கள் ஊரில் இழுப்பறையை லாச்சி என்றுதான் சொல்வோம், மலாயிலிருந்து வந்த சொல். அந்த அம்மாளும் முயலும் பொத்தான் எண்ணுவார்கள், காலுறைக்கு ஜோடி தேடுவார்கள், பிறகு முயல் லாச்சிக்குள் போய்ப் படுத்துக்கொள்ளும். அவ்வளவுதான் நிகழ்ச்சி. எனக்கு அதுதான் உலகம்.

முதலாம் வகுப்பில் எனக்குப் பிற்பகல் பள்ளி விழுந்தது. முயல் வருகிற நேரத்தில் நான் வாய்ப்பாடு சொல்லிக்கொண்டிருப்பேன். பள்ளிக்குப் போகிற பெண்ணுக்கு இந்தக் குழந்தை நிகழ்ச்சி எதற்கு என்று அம்மா கேட்டார். நான் அழுத அழுகையில் அப்பா அதை வீடியோவில் பதிந்து வைக்க ஆரம்பித்தார். எங்கள் மாடியில் முதலில் வீடியோ வந்தது எங்கள் வீட்டுக்குத்தான். மறுநாள் காலையில் பள்ளிக்குக் கிளம்பும்வரை நான் அந்த நாடாவைப் போட்டுப் பார்ப்பேன்.

அப்பா துறைமுகப் பக்கத்தில் ஒரு கப்பல் அலுவலகத்தில் கணக்கு எழுதும் கிராணியாக இருந்தார். ஆனால் ஊரில் அவரைத் தெரிந்தது கோயில் மைக்கால்தான். திருவிழா என்றால் அறிவிப்பு அவருடையது. இன்ன நம்பர் காடியை வாசலிலிருந்து எடுங்கள், காணாமல் போன சிறுவன் பந்தலுக்கு அருகே நிற்கிறான், அன்னதானம் தொடங்கிவிட்டது. மைக்கைப் பிடித்தால் அவர் வேறு மனிதர். மைக்கை வைத்துவிட்டால் வீட்டில் உப்பு வேண்டும் என்று கேட்கக்கூட அவருக்கு வாய் வராது.

அந்த வீடியோ மெஷினில் ஒரு பொத்தான் இருந்தது. அதை அழுத்தி ஒரு மைக்கைச் செருகினால், படம் அப்படியே இருக்க, மேலே வேறு குரலைப் பதியலாம். பழைய குரல் அழிந்துவிடும். இதைக் கண்டுபிடித்த நாளில் அப்பாவுக்குப் புத்தி கோணலாக வேலை செய்திருக்கிறது.

ஒருநாள் காலை வழக்கம்போல நாடாவைப் போட்டேன். அதுவரை ஆங்கிலம் பேசிக்கொண்டிருந்த முயல், லாச்சியிலிருந்து தலையை நீட்டி, மூக்கால் பேசுகிற கீச்சுக் குரலில், "பாப்பா, நேத்து கீரைய தட்டுக்கு அடியில ஒளிச்சு வச்சியே, நான் பார்த்தேன்லா" என்றது.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அம்மாவைத் திரும்பிப் பார்த்தேன். அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டு, "முயலுக்கு எல்லாம் தெரியும்" என்றார். அன்று மதியம் கீரையைத் தின்று தீர்த்தேன். அதற்குப் பிறகு முயல் வாரத்துக்கு ஒருமுறையாவது தமிழில் பேசியது. நகத்தைக் கடிக்காதே, அம்மாவை எதிர்த்துப் பேசாதே, பால் குடி. நான் நகம் கடிப்பதை விட்டேன். எதிர்த்துப் பேசுவதை மட்டும் முயலாலும் நிறுத்த முடியவில்லை.

இந்த உலகத்தில் என்னைத் தெரிந்த ஒரு முயல் இருக்கிறது என்பதில் எனக்கு அளவில்லாத கர்வம். வகுப்பில் யாருக்கும் சொல்லவில்லை. சொன்னால் மற்றவர்களுக்கும் பேச ஆரம்பித்துவிடுமோ என்று பயம்.

இந்த இடத்தில் நான் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். அந்த வயதிலும் நான் படுக்கையை நனைத்துக்கொண்டிருந்தேன். தினமும் இல்லை, ஆனால் நின்றபாடும் இல்லை. அம்மா அதை ஒரு ராணுவ ரகசியம் போலக் காப்பாற்றினார். மெத்தையை நடைபாதைக் கம்பியில் போட்டால் மாடி முழுக்கத் தெரிந்துவிடும் என்று, வீட்டுக்குள்ளேயே மின்விசிறிக்குக் கீழே நிமிர்த்தி வைத்துக் காயவைப்பார். விரிப்பைத் துவைத்து, தன் கைலிகளுக்கு நடுவில் மறைத்துத் தொங்கவிடுவார். கடலுக்கு அக்கரையில் பாகான் டாலாமில் இருந்த பெரியம்மா வீட்டில் நான் ஓர் இரவு தங்கியதில்லை. ஃபெரியில் போய் ஃபெரியிலேயே திரும்பிவிடுவோம். பெரியம்மா கோபித்துக்கொண்டால், அவளுக்கு இடம் மாறினால் தூக்கம் வராது என்று அம்மா பொய் சொல்வார். அப்போது நான் தரையைப் பார்த்துக்கொண்டு நிற்பேன்.

அந்த வருடத் தீபாவளி வந்தது. திறந்த இல்லம் என்றால் எங்கள் மாடியில் யாரையும் தனியாக அழைக்க வேண்டியதில்லை. மலாய்க்காரர்கள், சீனர்கள், நம்மவர்கள் எல்லோரும் பிள்ளை குட்டிகளோடு வந்துவிடுவார்கள். முறுக்குத் தட்டோடு பிள்ளைகள் நடைபாதையில் ஓடிப்பிடித்து விளையாடினார்கள். எண்ணெய்ச் சட்டி அடுப்பில் இருக்கிறதே என்று அம்மாவுக்குப் பதற்றம். எல்லோரையும் கூப்பிட்டுத் தரையில் உட்காரவைத்து, வீடியோவைத் தட்டிவிட்டார். உள்ளே எந்த நாடா கிடக்கிறது என்று அவர் பார்க்கவில்லை. முதல் நாள் அப்பா புதிதாகக் குரல் பதிந்துவிட்டு, பண்டிகை வேலையில் எடுக்க மறந்த நாடா அது.

லாச்சி திறந்தது. முயல் கொட்டாவி விட்டது. எனக்குப் பெருமை தாங்கவில்லை. புதுப் பாவாடையை இழுத்துவிட்டுக்கொண்டு முன்னால் நகர்ந்து உட்கார்ந்தேன்.

"இந்த வீட்டுல ஒரு பாப்பா இருக்கு. ஏழு வயசு ஆச்சு. ஸ்கூல் போவுது. ஆனா காலைல பார்த்தா மெத்தை ஈரம்லா! ஏன் பாப்பா, நான் ஒரு முயலு, என் லாச்சியே காஞ்சு கெடக்கு. உன் மெத்தை ஏன் ஈரம்?"

பக்கத்து வீட்டுப் பையன்தான் முதலில் சிரித்தான். முறுக்கு தொண்டையில் சிக்கி, இருமி, மறுபடியும் சிரித்தான். முயல் என்ன சொன்னது என்று மலாய்ப் பெண் கேட்டாள். அவன் மலாயில் சொன்னான். அவள் வாயைப் பொத்திக்கொண்டு பக்கத்திலிருந்த சீனப் பெண்ணின் காதில் சொன்னாள். அந்தப் பெண் தன் அண்ணனிடம் ஹொக்கியனில் சொன்னாள். என் படுக்கை மூன்று மொழிகளில் அந்த அறையைச் சுற்றி வந்தது. அது ஒவ்வொருவர் வாயிலும் ஏறி இறங்குவதை நான் உட்கார்ந்த இடத்திலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்பா வாசலில் நின்றார். கையில் ஆரஞ்சுத் தண்ணீர்த் தட்டு. விருந்தாளிகள் சிரித்தார்கள். அவரும் சிரித்தார். அந்தச் சிரிப்பை நான் வெகுகாலம் மன்னிக்கவில்லை.

பக்கத்து வீட்டுப் பையன் அதோடு விடவில்லை. "ஏய், அது உங்கப்பா குரல்லா! கோயில் மைக்ல பேசுவாரே, அதே குரலு!" என்றான். ஒரே மூச்சில் என் மானமும் போனது, முயலும் போனது. எது போனதற்கு அதிகம் அழுதேன் என்று இன்றைக்கும் எனக்குத் தெரியவில்லை.

அன்றிலிருந்து அந்த மாடியில் என் பெயர் ஆர்னாப். மலாயில் முயல். படிக்கட்டில் ஏறினால் ஆர்னாப், ஐஸ் வாங்கப் போனால் ஆர்னாப். படுக்கை நனைவது ஒன்பது வயதில் தானாக நின்றது. பெயர் நிற்கவில்லை.

தீபாவளி முடிந்த வாரத்தில் அப்பா என்னை மறுபடியும் கூப்பிட்டார். நாடாவைப் போட்டுவிட்டுக் கூடத்திலிருந்து, "வாம்மா, முயல் பேசுது" என்றார். நான் சமையலறைக்கு ஓடி அரிசி வாளிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, இரண்டு காதையும் பொத்திக்கொண்டேன். அடுத்த நாளும் கூப்பிட்டார். அதற்கு மறுநாளும். "போய்த்தான் பாரேன்" என்றார் அம்மா. பட்டது போதாதா, இன்னும் என்னவெல்லாம் சொல்லிச் சிரிக்கப் போகிறார் என்று எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. பிறகு அவர் கூப்பிடுவதை விட்டார். மைக் கோயிலுக்குப் போய்விட்டது. முயல் நாடாக்கள் கண்ணாடி அலமாரியின் கீழ்த்தட்டில் அந்துருண்டைகளோடு கிடந்தன. அதைப் பற்றி எங்கள் வீட்டில் யாரும் பேசவில்லை.

தொண்ணூறுகளின் கடைசியில் நான் புக்கிட் தெங்காவில் ஒரு மின்னணுத் தொழிற்சாலையில் தரச்சோதனைப் பிரிவில் இருந்தேன். கம்பெனி பஸ் பாலத்தைத் தாண்டிக் கொண்டுபோய்க் கொண்டுவரும். அப்பா ஓய்வு பெற்றிருந்தார். வீட்டில் ஒரு கணினி வாங்கினேன். நான் இணையத்தில் இருந்தால் டெலிபோன் வேலை செய்யாது. அக்கா கூப்பிட்டிருப்பாளே என்று அம்மா பெரியம்மாவை நினைத்து என்னைத் திட்டிக்கொண்டேயிருப்பார்.

ஒரு சனிக்கிழமை எதையோ தேடப்போய், பழைய குழந்தை நிகழ்ச்சிகளைச் சேர்த்து வைக்கிற ஒரு பக்கத்தில் போய் விழுந்தேன். உலகத்தில் எங்கெங்கோ இருக்கிறவர்கள், வீட்டில் பதிந்த நாடாக்களைக் கணினியில் ஏற்றி அங்கே வைத்திருந்தார்கள். படம் தபால்தலை அளவுதான், விட்டுவிட்டு ஓடும். கீழே ஓரிடத்தில் பூப்போட்ட சட்டையும் லாச்சியும் மங்கலாகத் தெரிந்தன. அந்த நிகழ்ச்சியை எடுத்தவர்களே மூலநாடாக்களை அழித்து, மேலே வேறெதையோ பதிந்துவிட்டார்களாம். மிஞ்சியது இந்த ஒரு நிழற்படம்தான். ஆசிய நாடுகளில் யாராவது வீட்டில் பதிந்து வைத்திருக்கிறீர்களா என்று கேட்டிருந்தது.

யோசிக்காமல், என்னிடம் இருக்கிறது என்று எழுதிவிட்டேன்.

அந்தப் பக்கத்தை நடத்தியவர் பனி கொட்டுகிற ஏதோ ஊரில் இருக்கும் ஒரு பெண்மணி. மறுநாளே பதில் வந்தது. தானும் அந்த முயலோடு வளர்ந்தவள் என்றும், படித்துவிட்டு அலுவலகத்திலேயே அழுதுவிட்டதாகவும் எழுதியிருந்தார். அதைப் படித்த பிறகுதான், நாடாவில் இருக்கும் குரல் எனக்கு ஞாபகம் வந்தது. நாற்காலியில் அப்படியே கூனிக் குறுகிப் போனேன்.

குரல் சரியில்லை, யாரோ மேலே தமிழில் பேசியிருக்கிறார்கள் என்று எழுதினேன். யாரோ! அதனால் பரவாயில்லை, வெட்டாமல் முழுசாகக் கொடுங்கள், தமிழ் தெரிந்த நேயர் யாராவது மொழிபெயர்த்து உதவுவார் என்று பதில் வந்தது. பக்கத்து வீட்டுப் பையன் இப்போது எந்த ஊரில், எந்தக் கணினி முன்னால் உட்கார்ந்திருக்கிறான் என்று நான் யோசித்துப் பார்த்தேன். முதல் மொழிபெயர்ப்பாளன் அவன்தானே.

இருபத்து நான்கு வயதுப் பெண், மாதச் சம்பளம் வாங்குகிறவள், ஏழு வயதில் நனைத்த மெத்தைக்காக வெட்கப்படலாமா? படலாம் என்றுதான் தெரிந்தது. வேலையில் எனக்குக் கீழே பதினைந்து பேர். அவர்களில் ஒருத்தி படிக்கட்டில் என்னைப் பார்த்து ஆர்னாப் என்று கூப்பிடுவதாகக் கனவு கூட வந்தது.

ஒரு வழி இருந்தது. கொம்தார் கடைத்தொகுதியில் வாங்கிய வீடியோ அட்டையைக் கணினியில் பொருத்தி, வீடியோவிலிருந்து அதற்கு இரண்டு வயர் இழுக்க வேண்டும். மஞ்சள் வயர் படத்துக்கு, வெள்ளை வயர் குரலுக்கு. வெள்ளையைச் செருகாமல் விட்டால் முயல் ஊமை. குரல் பூஞ்சை பிடித்துப் போயிற்று என்று சொல்லிவிடலாம். அதில் பாதி உண்மைதான். பினாங்கு வெக்கையில் நாடா ஓரமெல்லாம் வெள்ளையாகப் பூத்திருந்தது. உறையைத் திறந்து, பஞ்சில் ஸ்பிரிட் தொட்டு, கையால் கொஞ்சம் கொஞ்சமாகச் சுற்றித் துடைத்தேன். பழைய வீடியோ மெஷின் முனகியது, ஆனாலும் ஓடியது. தீபாவளி நாடாவை ஊமையாக ஏற்றி முடித்தேன்.

அந்தப் பெண்மணி இன்னொன்றும் கேட்டிருந்தார். பூப்போட்ட சட்டைக்காரரின் உண்மையான குரல் எங்கேயாவது ஒரு துண்டாவது தப்பியிருக்கிறதா என்று. அதற்காக நாடாவைக் காதால் கேட்டுத்தான் ஆகவேண்டும். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை அம்மா பசாருக்குப் போயிருந்தார். அப்பா கூடத்தில் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். நான் டிவியின் சத்தத்தைக் குறைத்து வைத்துக்கொண்டு, முதல் நிகழ்ச்சியைத் தாண்டி, அதற்கடுத்துப் பதிந்திருந்த நிகழ்ச்சிக்கு ஓட்டினேன். நான் பார்க்க மறுத்த நிகழ்ச்சி அது.

சட்டைக்கார அம்மாளின் ஆங்கிலக் குரல் சுத்தமாகக் கேட்டது. அந்தப் பெண்மணி மறுபடியும் அழுவார் என்று சந்தோஷப்பட்டேன். லாச்சி திறந்தது. மைக் எதிலோ இடிக்கிற சத்தம். யாரோ தொண்டையைச் செருமினார்கள். பிறகு அந்தக் கீச்சுக் குரல்.

"பாப்பா, முயல் பேசுறேன். அன்னிக்கு நான் சொன்னது தப்புலா. அது உனக்கு மட்டும் சொன்னது. ஆளுங்க முன்னாடி வந்துருச்சு. நான் உடனே ஆஃப் பண்ணியிருக்கணும். பண்ணல. எல்லாரும் சிரிச்சாங்க, நானும் சிரிச்சுட்டேன்."

திரையில் முயல் ஒரு காலுறையை ஆட்டிக்கொண்டிருந்தது.

"லாச்சி காஞ்சு கெடக்குன்னு சொன்னேன்ல, அது பொய். என் லாச்சியும் ஈரம்தான். பத்து வயசு வரைக்கும். எங்கப்பா என்ன செஞ்சாரு தெரியுமா? ஈரப் பாயைச் சுருட்டி என் தலையில வச்சு, பைப்படி வரைக்கும் நடக்க விட்டாரு. தண்ணி புடிக்க வந்தவங்க எல்லாம் பார்த்தாங்க. அந்த வெக்கம் எனக்கு இன்னும் போவல பாப்பா. அது எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியும். தெரிஞ்சும் உனக்குச் செஞ்சுட்டேன்."

அந்தக் கடைசி வரியில் கீச்சுக் குரல் இல்லை. அது அப்பாவின் சொந்தக் குரல்.

பின்னால் பேப்பர் மடிக்கிற சத்தம் கேட்டது. திரும்புவதற்குள் அப்பா எழுந்து சமையலறைக்குப் போய்விட்டார். குழாயை முழுசாகத் திறந்துவிட்ட சத்தம். கழுவுவதற்கு அங்கே ஒரு பாத்திரமும் இல்லை.

வாம்மா, முயல் பேசுது. இதைக் கேட்கச் சொல்லித்தான் அவர் நாள் தவறாமல் கூப்பிட்டிருக்கிறார். அரிசி வாளிக்குப் பக்கத்தில் நான் காதைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது, கூடத்தில் முயல் யாருமில்லாத பாயைப் பார்த்து மன்னிப்புக் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறது. எனக்கு வெட்கமாக இருந்தது. இதுநாள்வரை பட்ட வெட்கத்தை எனக்கு நன்றாகத் தெரியும்; இது எந்த வகை என்று தெரியவில்லை. நாடாவை நிறுத்தினேன்.

அப்பா ஈரக் கையைக் கைலியில் துடைத்துக்கொண்டு வந்தார். என் முகத்தைப் பார்க்கவில்லை.

"இதெல்லாம் அந்த இண்டர்நெட்டுல போடப் போறியா?"

"ஆமாப்பா. கேக்குறாங்க."

"உன்னோடத என்ன வேணா செய்யி. சின்னப் புள்ள செஞ்சது, யாரு என்ன சொல்லப்போறாங்க. என்னோடத போடாதேலா. கோயில் கமிட்டி ஆளுங்க காதுல பட்டுச்சுன்னா..."

எனக்குச் சுருக்கென்றது. என்னுடையது என்ன வேண்டுமானாலும் ஆகலாமாம்! ஆர்னாப் என்ற பெயரோடு அந்தப் படிக்கட்டில் ஏறி இறங்கியது நானா, கமிட்டியா? கேட்க வாயெடுத்தேன். அவர் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். பெரியம்மா வீட்டில் அம்மா பொய் சொல்லும்போதெல்லாம் நான் நின்ற அதே நிற்பு. அறுபது வயதை நெருங்கியவர், ஒரு பாயைத் தலையில் வைத்துக்கொண்டு இன்னும் பைப்படிக்கு நடந்துகொண்டிருக்கிறார்.

"போடலப்பா" என்றேன்.

அந்த வாரம் என் நிகழ்ச்சியை வெள்ளை வயரைச் செருகி மறுபடியும் ஏற்றினேன். கீழே ஆங்கில மொழிபெயர்ப்பையும் நானே எழுதினேன். இந்த வீட்டில் ஒரு பெண் படுக்கையை நனைக்கிறாள் என்று முயல் சொல்கிறது. அந்தப் பெண் நான்தான். பேசுவது என் அப்பா. அனுப்பும் பொத்தானை அழுத்தும்போது கன்னம் சுட்டது. பக்கத்து வீட்டுப் பையனுக்கு இனி வேலை இல்லை என்று ஓர் அற்ப சந்தோஷமும் இருந்தது. இரண்டாவது நிகழ்ச்சியில் சட்டைக்கார அம்மாள் பேசுகிற துண்டுக்கு மட்டும் குரலை வைத்தேன். முயல் பேசுகிற இடத்தில் வெள்ளை வயரைப் பிடுங்கிவிட்டேன். ஏன் அங்கே மட்டும் சத்தம் இல்லை என்று அந்தப் பெண்மணி கேட்டார். அது எங்கள் வீட்டு விஷயம் என்று எழுதினேன்.

சில வாரம் கழித்து ஒரு சாயங்காலம், அப்பா என் அறை வாசலில் வந்து நின்றார். "அது வந்துருச்சா?" என்றார். உள்ளே கூப்பிட்டு என் நாற்காலியில் உட்காரவைத்தேன். இரண்டாவது நிகழ்ச்சியை அழுத்தினேன். வந்து சேரவே வெகுநேரம் ஆயிற்று. சட்டைக்கார அம்மாள் பேசினார். லாச்சி திறந்தது. தபால்தலை அளவு முயல், சத்தமில்லாமல் வாயை அசைத்தது.

"சவுண்டு இல்லையா?"

"இல்லப்பா. எடுத்துட்டேன்."

அவர் தலையாட்டினார். திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். முயல் காலுறையை எடுத்தது. அப்பா தொண்டையைச் செருமினார். கையில் மைக் இல்லை. மூக்கை இரண்டு விரலால் பிடித்துக்கொண்டார்.

"பாப்பா, முயல் பேசுறேன். அன்னிக்கு நான் சொன்னது தப்புலா" என்றார்.

நான் அவருக்குப் பின்னால் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். முயலின் வாய் மூடிய பிறகும் அவர் பேசிக்கொண்டே இருந்தார். சமையலறையிலிருந்து அம்மா, "யாரு அங்க பேசுறது?" என்று கேட்டார்.

"முயல்மா" என்றேன்.